எட்டயபுரத்துச் சுரக்குறிப்பு: சுப்பராம தீட்சிதரும் ஏட்டில் அடங்காத இசையும்

தென்னாட்டு இசை வரலாற்றில் ஓர் எல்லைக்கல்லாக நிற்கும் 'சங்கீத சம்பிரதாய பிரதர்சினி' 1904ஆம் ஆண்டில் எட்டயபுரம் வித்யா விலாஸினி அச்சகத்தில் அச்சேறி வெளிவந்தது. ஏறத்தாழ 1,700 பக்கங்கள் கொண்ட தெலுங்கு நூல் அது. இயற்றியவர் எட்டயபுரம் அரண்மனை வித்துவான் சுப்பராம தீட்சிதர் (1839 - 1906). ஓர் இசைநூலைப் பற்றி எழுத அரபுக் கல்லூரியில் பாடம் நடத்துவோருக்கு என்ன வேலை என்று வாசகர் சிலர் வினவக்கூடும். இசை ஆகுமானதா, ஆகாததா என்ற நெடுநாள் வழக்கினுள் நாம் இங்குப் புகவில்லை. இமாம் கஸ்ஸாலி (ரஹ்) தமது 'இஹ்யா'வில் ஸமாவு குறித்துத் தனிப் பகுதியே வகுத்திருக்கிறார். விரும்புவோர் அதனைக் காண்க. நம்மை இந்நூலின்பால் ஈர்த்தது வேறொன்று. வாய்வழியே வந்த ஒரு கல்வியை எழுத்தில் இறக்கும்போது எது எஞ்சுகிறது, எது நழுவுகிறது என்னும் கேள்வி, ஹதீஸ் கலையும் கிராஅத் கலையும் பயின்றோர்க்கு அன்றாடக் கேள்வியாகும். அக்கேள்வியைத் தம் வாழ்நாளின் இறுதியில் நேருக்கு நேர் சந்தித்த ஒருவர், நாம் வாழும் கரிசல் மண்ணிலேயே இருந்திருக்கிறார்.

கடம்பூரைப் பிறர் அறிந்திருப்பது போளியால். எட்டயபுரத்தைப் பிறர் அறிந்திருப்பது பாரதியால். வடகிழக்கே சிறிது தொலைவில் உள்ள அவ்வூரில் நம்மவர் முதலில் நாடுவது சீறாப்புராணம் பாடிய உமறுப் புலவரின் அடக்கத்தலத்தை. அதே ஊரில் முத்துசுவாமி தீட்சிதரின் சமாதியும் உள்ளது. ஒருவர் அண்ணல் நபி (ஸல்) அவர்களின் வரலாற்றை 5,027 விருத்தங்களில் தமிழாக்கித் தந்தவர். மற்றவர் சமஸ்கிருதத்தில் கிருதிகள் இயற்றியவர். ஏறக்குறைய ஒன்றேகால் நூற்றாண்டு இடைவெளியில் ஒரே சிற்றரசின் நிழலில் ஒதுங்கியவர்கள். மானாவாரி நிலமும் மழை பொய்க்கும் வானமும் கொண்ட ஒரு பாளையம் இத்தனை பேரைத் தாங்கியதை எண்ணினால் வியப்பே மேலிடுகிறது.

முத்துசுவாமி தீட்சிதர் எட்டயபுரம் நோக்கி வரும் வழியில், வறண்டு கிடந்த சாத்தூர்ப் பகுதியைக் கண்டு மனம் இளகி அமிர்தவர்ஷிணி ராகத்தில் 'ஆனந்தாம்ருதாகர்ஷிணி' என்ற கிருதியைப் பாட, மழை கொட்டியது என்பது செவிவழிச் செய்தி. அறிவிப்பாளர் தொடரைத் தேடிப் பழகிய நமக்கு இதனை வரலாறு என்று ஏற்க இயலவில்லை. ஆயினும் மழைத் தொழுகைக்காகத் திடலில் கூடி நின்ற அனுபவம் உடைய கரிசல்வாசிகள் இக்கதையை ஏன் இவ்வளவு காலம் கைவிடாது வைத்திருக்கிறார்கள் என்பது நமக்கு விளங்காமலில்லை.

இனிச் சுப்பராம தீட்சிதரின் வாழ்வுக்கு வருவோம். முத்துசுவாமி தீட்சிதர் எட்டயபுரத்தில் மறைந்தது 1835இல். சுப்பராமர் திருவாரூரில் பிறந்தது 1839இல். ஆகவே எவருடைய பாடல்களைக் காப்பதற்காகத் தம் முதுமையைச் செலவிட்டாரோ, அவரை இவர் கண்டதே இல்லை. இருவருக்கும் இடையில் நிற்பவர் முத்துசுவாமியின் இளவல் பாலுசுவாமி தீட்சிதர். எட்டயபுரம் அரசவை வித்துவானாக விளங்கிய அவர், தம் மகள்வயிற்றுப் பேரனான சுப்பராமரைச் சிறு வயதிலேயே தம்மிடம் அழைத்துக்கொண்டு, மகனாகவே தத்தெடுத்து வளர்த்தார். பாட்டனே தந்தை, தந்தையே ஆசான். இப்படிப்பட்ட உறவில் பாடம் கேட்டவர் சொல்லும் செய்திக்கு ஒரு நெருக்கமும் உண்டு, ஓர் ஆபத்தும் உண்டு. அந்த ஆபத்தைப் பின்னர்க் காண்போம்.

இக்குடும்பத்துக்கும் ஐரோப்பிய இசைக்கும் ஏற்பட்ட தொடர்பை இங்குச் சற்று விரித்துரைக்க வேண்டும். நூலின் சிறப்பு அதில்தான் தெளிவுபடுகிறது. முத்துசுவாமி, பாலுசுவாமி ஆகியோரின் தந்தையார் இராமசுவாமி தீட்சிதர், சென்னைக்கு அருகிலுள்ள மணலியில் முத்துகிருஷ்ண முதலியார் என்ற செல்வரின் ஆதரவில் சில காலம் வாழ்ந்தார். கிழக்கிந்தியக் கம்பெனியோடு தொடர்புடைய அம்முதலியார் குடும்பத்தின் வழியே, புனித ஜார்ஜ் கோட்டையில் முழங்கிய ஆங்கிலேய பாண்டு வாத்திய இசை இளைஞர்களின் செவியில் விழுந்தது. பாலுசுவாமி ஓர் ஐரோப்பியரிடம் வயலின் பயின்றார். இன்று கர்நாடக இசை மேடையில் வயலின் இல்லாத கச்சேரியைக் காண்பதே அரிது. அக்கருவியை நம் இசைக்கு இணக்கியவர் என்று போற்றப்படுவோருள் முதல்வர் எட்டயபுரத்தில் வாழ்ந்த இந்தப் பாலுசுவாமியே. தஞ்சை நால்வருள் ஒருவரான வடிவேலுவுக்கும் இப்பெருமையில் பங்குண்டு.

தமையனார் செய்தது வேறு. பாண்டு வாத்தியக்காரர்கள் வாசித்த மெட்டுகளை அப்படியே எடுத்துக்கொண்டு அவற்றுக்குச் சமஸ்கிருதச் சொற்களை இட்டார். நாற்பதை ஒட்டிய எண்ணிக்கையில் உள்ள இப்பாடல்கள் 'நொட்டுஸ்வர சாகித்தியங்கள்' எனப்படுகின்றன. 'நோட்' என்ற ஆங்கிலச் சொல்லே நொட்டு ஆயிற்று. ஆங்கிலேய அரசவாழ்த்தின் மெட்டில் 'ஸந்ததம் பாஹிமாம்' அமைந்தது. எல்லாம் சங்கராபரணத்தின் சுரங்களுக்குள் அடங்குபவை. இவற்றுள் 'பீதவர்ணம் பஜே' என்ற உருப்படியின் மெட்டை ஆராய்ச்சியாளர் 'தாஸா ப தாஸா' என்று அடையாளங்காட்டியிருப்பது பாரசீகம் அறிந்தோரை நிமிர்ந்து உட்காரச் செய்யும். அது ஹாஃபிஸ் ஷீராஸியின் பெயரில் வழங்கிவரும் கஜலின் பல்லவி. 'புதிது புதிதாக' என்பது பொருள். வடநாட்டில் பாடப்பட்ட இத்தகைய கஜல்களை ஆங்கிலேயர் கேட்டு மகிழ்ந்து ஐரோப்பியக் குறிப்பில் எழுதிவைத்தனர். 1789இல் கல்கத்தாவில் வில்லியம் ஹாமில்டன் பேர்டு வெளியிட்ட தொகுப்பிலேயே இந்தக் கஜல் இடம்பெற்றிருக்கிறது. ஆக, ஷீராஸின் பெயர் தாங்கிய கஜல் ஒன்று, ஆங்கிலேயரின் காகிதத்திலும் பாண்டு வாத்தியத்திலும் ஏறிச் சென்னைக் கோட்டையை அடைந்து, திருவாரூர்க்காரர் ஒருவரின் நாவில் வடமொழித் துதியாயிற்று. எவரும் எவரையும் கலக்க வேண்டும் என்று திட்டமிட்டுச் செய்ததன்று இது. காதில் விழுந்தது, பிடித்தது, எடுத்துக்கொண்டார்கள். நல்லிணக்க மாநாடுகளில் முழங்கப்படும் சொற்பொழிவுகளைவிட இந்தச் சிறு செய்தி நமக்கு அதிகம் உணர்த்துகிறது.

ஆனால், ஒரு விமர்சகனின் நிலையில் நின்று சொல்ல வேண்டுமெனில், நொட்டுஸ்வரங்கள் முத்துசுவாமி தீட்சிதரின் மேன்மைக்குச் சான்றாகா. அவை கைப்பழக்கங்கள், இனிமையானவை, எளியவை. அவற்றில் முப்பதுக்கும் மேற்பட்டவற்றைச் சுப்பராமர் 1905இல் வெளியிட்ட 'பிரதமாப்யாச புஸ்தக'த்தில், அதாவது தொடக்க மாணவர்க்கான நூலில், சேர்த்தது பொருத்தமே. ஓர் எழுத்துக்கு ஒரு சுரம், சுரத்தில் அசைவில்லை. அத்தகைய மெட்டைக் காகிதத்தில் எழுதினால் ஒன்றும் நழுவாது. ஆங்கிலேயர் கல்கத்தாவில் எழுதியதைச் சென்னையில் ஒருவர் பார்த்து வாசித்தால் அதே மெட்டுத்தான் வரும். தீட்சிதரின் ஆனந்தபைரவியையோ துவிஜாவந்தியையோ அவ்வாறு எழுதிவிட முடியுமா? அங்கே சுரம் என்பது ஒரு புள்ளியன்று. அது நகரும், நடுங்கும், ஒன்றிலிருந்து பிறந்து மற்றொன்றில் ஒடுங்கும். எழுத்தில் முழுவதும் அடங்கும் இசை சிறிதாகவும், பெரிய இசை எழுத்துக்கு அடங்காததாகவும் ஒரே குடும்பத்தின் சொத்தில் அருகருகே இருந்தன. சுப்பராம தீட்சிதரின் பணியை மதிப்பிட இந்த வேறுபாட்டை மனத்தில் இருத்துதல் வேண்டும்.

அப்பணிக்கு அவரைத் தூண்டியவர் ஒரு கத்தோலிக்கக் கிறித்தவர். ஏ. எம். சின்னசாமி முதலியார் என்னும் அப்பெரியார் முதுகலைப் பட்டம் பெற்றவர்; சென்னை அரசுத் தலைமைச் செயலகத்தில் பணியாற்றியவர். தென்னாட்டுக் கீர்த்தனங்கள் ஐரோப்பியக் கோட்டுக் குறிப்பில் பதிந்துவிட்டால் உலகம் அவற்றை அறியும், அழிவும் நேராது என்று நம்பி, 1890களில் தம் பொருளையும் உடல்நலத்தையும் இழந்து நூல் வெளியிட்டார். தீட்சிதர் பாடல்களைத் தேடியபோது அவர் வந்தடைந்த இடம் எட்டயபுரம். வீட்டுச் சொத்தாகப் போற்றிவந்த பாடல்களை அச்சில் ஏற்றச் சுப்பராமர் முதலில் உடன்படவில்லை. 1899இல் எட்டயபுரம் மன்னரின் ஆதரவோடு முதலியார் மீண்டும் வேண்டவே, இணங்கினார். அப்போது அவருக்கு வயது 60. நான்கைந்து ஆண்டுகளில் நூல் முடிந்தது. நூல் முடிந்த இரண்டாம் ஆண்டில் அவரும் மறைந்தார். அவர் மறைவுக்கு இரங்கி, அதே எட்டயபுரத்தில் பிறந்த பாரதி பாடிய பாடல் பாரதி தொகுப்புகளில் உள்ளது.

முதலியார் விரும்பியது ஐரோப்பியக் கோடுகளை. சுப்பராமர் தேர்ந்ததோ நம் சுர எழுத்துகளை. ஸ, ரி, க, ம என்னும் எழுத்துகளையே வைத்துக்கொண்டு, காலத்தைக் காட்டக் கோடுகளும், அசைவுகளைக் காட்டத் தனித்தனிக் குறிகளும் அமைத்தார். கம்பிதத்துக்கு நெளிகோடு, ஏற்ற ஜாருவுக்கு மேல்நோக்கிச் சாய்ந்த கோடு, இறக்க ஜாருவுக்குக் கீழ்நோக்கிச் சாய்ந்த கோடு, ஸ்புரிதத்துக்கும் பிரத்யாகதத்துக்கும் நேரும் தலைகீழுமாக மும்மூன்று புள்ளிகள். நொக்கு, ரவை, கண்டிப்பு, வளி, ஒடுக்கல், ஒரிகை என்று எஞ்சியவற்றுக்கும் ஒவ்வொரு குறி. இப்பெயர்களில் பல, வீணையில் விரல் செய்யும் வேலையைக் குறிக்கும் புழக்கச் சொற்கள். நூலாசிரியர் ஏட்டுப் புலவர் மட்டுமல்லர், வீணை வித்துவானும் ஆவார் என்பது இங்கே வெளிப்படுகிறது. ஒரு கிராமத்து அச்சகத்தில் தெலுங்கு எழுத்தின் தலையில் இத்தனை குறிகளையும் பிழையறக் கோத்தவர்களின் பொறுமையை நினைத்துப் பார்க்க வேண்டும்.

அரபு எழுத்தின் வரலாறு அறிந்தோர்க்கு இது பழகிய காட்சி. ஹிஜ்ரி முதல் நூற்றாண்டில் அபுல் அஸ்வத் துஅலீ (ரஹ்) உயிரொலிகளை உணர்த்த மையின் நிறம் மாற்றிப் புள்ளிகள் இட்டார். அடுத்த நூற்றாண்டில் கலீல் இப்னு அஹ்மத் (ரஹ்) இன்று வழங்கும் ஹரக்கத் வடிவங்களை அமைத்தார். அதே கலீல்தான் அரபு யாப்பிலக்கணத்தை வகுத்தவர். இசை பற்றியும் தாளம் பற்றியும் அவர் நூல்கள் இயற்றியதாக இப்னு நதீமின் நூற்பட்டியல் தெரிவிக்கிறது, நூல்கள்தாம் கிட்டவில்லை. இத்தனை குறிகள் இட்ட பின்னரும், ஓர் உஸ்தாதின் எதிரே அமர்ந்து அவர் வாயிலிருந்து கேளாமல் குர்ஆன் ஓதக் கற்றேன் என்று எவரும் சொல்லத் துணிவதில்லை. ஏட்டிலிருந்து மட்டுமே கற்றவரிடம் பாடம் கேட்கலாகாது என்பது நம் முன்னோர் வழக்கு. இறைமறையோடு கீர்த்தனத்தை நிறுத்துப் பார்க்கிறோம் என்று எவரும் கருதற்க. நாம் ஒப்பிடுவது குறியிடும் முறையையும் கற்பிக்கும் முறையையும் மட்டுமே.

எழுத்துக்கும் வாய்க்கும் இடையிலான இவ்விழுபறி கீழ்த்திசைக்கே உரியது என்று நினைப்பதும் தவறு. ஐரோப்பாவின் பெரும் ஜாஸ் இசையமைப்பாளருள் ஒருவரான ஜாங்கோ ரைன்ஹார்ட் (1910 - 1953) பெல்ஜியத்தில் ஒரு நாடோடிக் குடும்பத்தில் பிறந்தவர். அவருக்கு இசைக்குறிப்பு படிக்கவும் எழுதவும் தெரியாது. தம் கற்பனையைக் கிதாரில் வாசித்துக் காட்டுவார். உடனிருந்த கலைஞர்கள் எழுதிக்கொள்வார்கள். அரபு மதரஸாக்களில் 'இம்லா' என்று நாம் சொல்லும் முறையே அது. அதே ஜாஸ் உலகில் அரேஞ்சர் எனப்படும் இசைக்கோப்பாளர் என்றொருவர் உண்டு. பத்துப் பதினைந்து கருவிகளுக்கும் உரிய பகுதிகளை எழுதித் தருபவர் அவர். சிறந்த கோப்பாளர் எல்லாவற்றையும் எழுதிவிடுவதில்லை. வாசிப்பவர் தம் மனோதர்மத்தை வெளிப்படுத்த இடம் விட்டு எழுதுகிறார். அமெரிக்கரான டியூக் எலிங்டன், தம் குழுவில் இருந்த இன்னாரின் ஊதுகுழல் இப்படித்தான் ஒலிக்கும் என்று அறிந்து, அவருக்காகவே எழுதியவர். அவர் எழுதிய காகிதத்தை வேறு குழுவிடம் கொடுத்தால் அந்த ஒலி வருவதில்லை.

இதன் மறுபுறத்தையும் நோக்குதல் தகும். கல்கத்தாவில் பிறந்து இலண்டனில் வாழ்ந்த ஜான் மேயர் (1930 - 2004) மேற்கத்தியச் சேர்ந்திசைக் குழுவில் வயலின் வாசித்தவர். 1966இல் ஜமைக்காவைச் சேர்ந்த சாக்சபோன் கலைஞர் ஜோ ஹாரியட்டுடன் இணைந்து 'இந்தோ ஜாஸ் சூட்' என்ற இசைத்தட்டை உருவாக்கினார். ஜாஸ் கலைஞர் ஐவர், இந்திய இசைக்குழுவில் ஐவர். ராகங்களின் ஆரோகண அவரோகணங்களை எழுதித் தர, ஜாஸ் கலைஞர்கள் அவற்றுக்குள் கற்பனை செய்தனர். முயற்சி துணிவானது, கேட்க இன்பமானது. எனினும் ஆரோகண அவரோகணம் ராகத்தின் எலும்புக்கூடு மட்டுமே என்பதையும் அது வெளிப்படுத்திவிடுகிறது. பாலுசுவாமியின் வயலின் கம்பிதத்தைக் கற்றுக்கொள்ள வேண்டியிருந்தது. அங்கே சாக்சபோன் ராகத்தின் படிகளை மட்டும் பெற்றுக்கொண்டது. எட்டயபுரத்தார் செய்த காரியம் எவ்வளவு கடினமானது என்பது இவ்விரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டால் விளங்கும்.

எழுதாமல் விட்டதால் நேர்ந்த இழப்புக்கு நம் அரபு இலக்கியமே சான்று பகரும். 10ஆம் நூற்றாண்டில் அபுல் ஃபரஜ் இஸ்ஃபஹானீ தொகுத்த 'கிதாபுல் அகானீ'யில் ஆயிரக்கணக்கான பாடல் வரிகள் உள்ளன. பாடகர் யார், பாடிய அவை எது, பரிசாகப் பெற்றது என்ன என்றெல்லாம் சுவையாகச் சொல்லும் அந்நூல், ஒவ்வொரு பாட்டுக்கும் தாளவகை இன்னது, ஊதுக் கருவியன்றி ஊத் என்னும் நரம்புக் கருவியில் இன்ன விரல் வைக்கும் நரம்பின் வழி என்றும் குறித்துச் செல்கிறது. அக்காலத்தவருக்கு அது போதுமானதாக இருந்தது. மெட்டோ அவர்கள் நெஞ்சில் இருந்தது; அவர்களோடு போயிற்று. இன்று ஒரு பாட்டையேனும் அந்நூலைக்கொண்டு பாடிவிட முடியாது. அதற்கு மூன்று நூற்றாண்டுகளுக்குப் பின், மங்கோலியர் அழித்த பக்தாதில் உயிர் தப்பிய ஸஃபிய்யுத்தீன் உர்மவீ (மறைவு 1294), 'கிதாபுல் அத்வா'ரில் அப்ஜத் எழுத்துகளால் சுரத்தையும் எண்களால் காலத்தையும் குறித்துச் சில மெட்டுகளை எழுதிக்காட்டினார். சில மெட்டுகள் மட்டுமே. அவரைத் தொடர்ந்து பெருந்தொகுப்பு ஒன்றை எழுதி முடிக்க அப்போது அங்கே ஒரு சுப்பராமர் வாய்க்கவில்லை.

சுப்பராமரின் நூல் 'அகானீ'யின் வேலையையும் உர்மவீயின் வேலையையும் ஒருங்கே செய்கிறது. 77 இசைப் பெருமக்களின் வரலாறுகளை அது தருகிறது. நம் தபகாத் நூல்களைப் போன்ற பகுதி அது. பிறகு 72 மேளங்களின் வழியே ஒவ்வொரு ராகத்தையும் எடுத்துக்கொண்டு, அதன் இலக்கணம், கீதம், கீர்த்தனம் ஆகியவற்றை வைத்து, தாமே இயற்றிய ஸஞ்சாரியையும் சேர்க்கிறது. முத்துசுவாமி தீட்சிதரின் கிருதிகள் மட்டும் 229. சுப்பராமர் தம்மளவில் சிறந்த பாடலாசிரியர் என்பதற்குச் சங்கராபரணத்தில் அமைந்த 'சங்கராச்சார்யம்' போதும். ஆயினும் தம் ராக ஞானத்தில் பெரும்பகுதியை அவர் செலவிட்டது இந்த ஸஞ்சாரிகளில்தான் என்பது நம் கணிப்பு. பாடுவோர் பெயர் சொல்லிப் பாடாத, கைதட்டல் கிடைக்காத உருப்படிகள் அவை.

இனி, முன்னர்க் குறிப்பிட்ட ஆபத்து. 229 கிருதிகளும் பெரும்பாலும் ஒரே தொடரின் வழியே நமக்குக் கிடைக்கின்றன: முத்துசுவாமி, அவர் தம்பி பாலுசுவாமி, அவர் வளர்த்த சுப்பராமர். ஹதீஸ் கலையில் இதனை 'ஆஹாத்' என்ற வகையில் வைப்போம். அறிவிப்பாளர் நம்பகமானவர், நினைவாற்றல் மிக்கவர், ஆசிரியரை நெருங்கி வாழ்ந்தவர் எனில் ஏற்போம். ஆனால் பிற தொடர்களோடு ஒத்துப்பார்க்கும் உரிமையைக் கைவிட மாட்டோம். தஞ்சை நால்வர் முதலான பிற மாணவர் வழிகளும் தீட்சிதருக்கு உண்டு. சுப்பராமர் தம் குலவழியை எல்லாவற்றுக்கும் அளவுகோலாக்கி, தியாகராசர், சியாமா சாஸ்திரிகள் ஆகியோரின் பாடல்களை மிகச் சிலவாகவே சேர்த்தார். இது பற்றின் விளைவு. இதைவிடக் கனமான குறை ஒன்றும் உண்டு. ராகங்களின் தலைப்பில் அவர் தரும் இலக்கணச் சுலோகங்களை 17ஆம் நூற்றாண்டு வேங்கடமகியின் வாக்கு என்கிறார். அவை அவர் வழிவந்த பிற்காலத்தவரின் வாக்காதல் வேண்டும் என்று இசையாராய்ச்சியாளர் பின்னர் எடுத்துக்காட்டினர். பாட்டன் சொன்னதை மூப்பனின் சொல்லாக உயர்த்திவிடுவது பரம்பரையில் வந்தோர்க்கு எளிதில் நேர்வது; நம் அறிவிப்பாளர் நூல்களில் இதற்கென்றே தனிக் கலைச்சொற்கள் உண்டு. அவரிடம் வஞ்சகம் இருந்தது என்பதன்று. தம் குடும்பத்தில் வழங்கியதை அவர் அப்படியே நம்பினார்.

மறுபுறம், அவர் மறைந்த பின்பு கல்லிடைக்குறிச்சி சுந்தரமய்யர் உள்ளிட்டோர் முத்துசுவாமி தீட்சிதரின் பெயரில் மேலும் பல கிருதிகளைப் பதிப்பித்தனர். அவற்றுள் சிலவற்றின் மொழிநடையும் ராகநடையும் ஐயத்துக்கு இடமளிப்பதாக அறிஞர் கூறுவர். அந்த ஐயத்தைத் தீர்க்க எல்லோரும் கையில் எடுப்பது சுப்பராமரின் நூலையே. குறையுள்ளதாயினும் உரைகல் அதுதான். தம் சார்பை மறைக்காமல் எழுதியவரின் நூல் மட்டுமே அவ்வாறு பயன்படும். யாரிடம் கேட்டேன் என்று சொல்லாதவரின் நூல் பயன்படாது.

நூல் தெலுங்கில் அமைந்தது இன்னொரு வகையில் வருந்தத்தக்கது. அன்றைய இசைவாணரின் ஏட்டுமொழி அது. எட்டயபுரம் அரண்மனையும் தெலுங்கு வழங்கிய அரண்மனையே. எனினும், அச்சகத்துக்கு வெளியே தெருவில் நடந்தவர்களுக்கு அந்நூல் எட்டவில்லை. சென்னை மியூசிக் அகாதெமி 1961 முதல் 1983 வரை ஐந்து தொகுதிகளாகத் தமிழில் கொண்டுவந்த பின்னரே தமிழ் மட்டும் அறிந்தோர் அதைப் புரட்ட முடிந்தது. காருகுறிச்சி அருணாசலத்தின் நாகசுரம் முழங்கிய கோவில்பட்டிப் பக்கத்தில், இவ்வளவு அருகில் இப்படியொரு நூல் அச்சானது என்பதை அறிந்தவர் இன்றும் சிலரே.

அச்சுக்குப் பின் என்ன நேர்ந்தது? சுப்பராமரின் மகன் அம்பி தீட்சிதர் (1863 - 1936) தம் இறுதிக்காலத்தில் சென்னையில் பாடம் சொன்னார். பின்னாளில் உச்சநீதிமன்ற நீதிபதியாக உயர்ந்த டி. எல். வெங்கடராம ஐயர் அவரிடம் கேட்டவர், டி. கே. பட்டம்மாள் அவ்விருவரிடமும் கேட்டவர். பட்டம்மாளின் குரல் வழியாகவே தீட்சிதர் கிருதிகள் பல வீடுகளுக்குள் நுழைந்தன. இவ்வழியில் பாடப்படுபவை சில இடங்களில் அச்சிட்ட நூலோடு மாறுபடுகின்றன. நூலே சரி, பாடுவோர் பிழைத்தனர் என்பார் ஒரு சாரார். உயிருள்ள வாயே சரி, நூல் வெறும் ஏடு என்பார் மறுசாரார். கிராஅத்தின் பல வழிகளையும் பாடமாகக் கேட்டுப் பழகிய நமக்கு இவ்வாதத்தில் இரு தரப்பும் அவசரப்படுவதாகவே தோன்றுகிறது. ஓர் ஆசானிடமிருந்து இரு வாசிப்புகள் வரலாம். ஆசானே இருமுறை இரு விதமாகச் சொல்லியிருக்கலாம். எது எவர் வழியாக வந்தது என்று குறித்துவைப்பதே முதற்கடமை. சுப்பராமரின் நெளிகோடு, அங்கே அசைவு உண்டு என்று மட்டும் அறிவிக்கிறது. எத்தனை அசைவு, எவ்வளவு அழுத்தம் என்று அறிவிப்பதில்லை. அறிவித்திருக்கவும் முடியாது. அறிந்தவரிடம் போய்க் கேள் என்பதே அந்தக் குறியின் பொருள் என நாம் கொள்கிறோம்.

இதையெல்லாம் படிக்கும்போது நம் வீட்டு அலமாரியின் நினைவு எழாமல் இராது. 19ஆம் நூற்றாண்டிலும் அதன் பின்னும் தமிழ் முஸ்லிம் புலவர்கள் கீர்த்தனைகளும் பதங்களும் கும்மிகளும் சிந்துகளும் முனாஜாத்துகளும் ஏராளமாக இயற்றி அச்சிட்டனர். அப்பழைய பதிப்புகளைப் புரட்டினால் பாட்டின் தலைப்பில் ராகத்தின் பெயரும் தாளத்தின் பெயரும் காணப்படும். அவ்வளவே. பிற்காலத்துப் பாட்டுப் புத்தகங்களில் அதுவும் மறைந்து, இன்ன நாடகப் பாட்டின் மெட்டு, இன்ன திரைப்பாட்டின் மெட்டு என்ற குறிப்பு மட்டும் நிற்கும். அந்த நாடகப் பாட்டை இன்று யாரும் அறியார். எனவே அந்த மெட்டும் இல்லை. 'அகானீ'க்கு நேர்ந்ததே நமக்கும் நேர்ந்திருக்கிறது, அதுவும் அச்சு இயந்திரமும் ஒலிப்பதிவுக் கருவியும் கைக்கெட்டும் தொலைவில் இருந்த காலத்தில். குணங்குடி மஸ்தான் சாகிபின் பாடல்களைப் பதிப்பித்தோர் சொல்லுக்குச் சொல் பாடபேதம் தேடினர். அப்பாடல்கள் எவ்வூரில் எவர் வாயில் எம்மெட்டில் வழங்கின என்று தேடியவர் அருகியே காணப்படுகின்றனர். காயல்பட்டினத்துக் காசிம் புலவரின் திருப்புகழைச் சந்தம் பிரித்து ஆராய்ந்திருக்கிறோம். அச்சந்தம் ஓதுவோர் நாவில் எவ்வாறு ஒலித்தது என்பதை எழுதிவைத்தோமில்லை. இசை கூடாது என்று கருதுவோர் இப்பணியைச் செய்யாதிருந்தது இயல்பு. கூடும் என்று கருதியோரும் செய்யவில்லை என்பதுதான் நம் மனத்தை உறுத்துகிறது.

சீறாப்புராணத்தைச் சபையில் ஒருவர் இசையோடு ஓத, மற்றொருவர் பொருள் விரித்துரைக்கும் வழக்கம் நம் கடற்கரை ஊர்களில் இருந்தது. விலாதத்துக் காண்டத்தின் எந்தப் படலத்துக்கு எந்த ராகம், துயரப் பகுதியில் எங்கே மாற்றுவது என்பதற்கெல்லாம் ஓதுவோரிடம் ஒரு மரபு இருந்திருக்க வேண்டும். அதைக் கேட்டு எழுதுவதற்குச் சுப்பராமரின் பத்துக் குறிகளே போதுமானவை; புதிதாக எதையும் கண்டுபிடிக்க வேண்டியதில்லை. சின்னசாமி முதலியாரைப் போல் விடாது சென்று கதவைத் தட்டும் ஒருவர் வேண்டும். எட்டயபுரம் மன்னரைப் போல் அச்சுச் செலவை ஏற்கும் ஒருவர் வேண்டும். ஓதத் தெரிந்த பெரியவர் எங்கேனும் இன்னும் இருப்பாரெனில், சுப்பராம தீட்சிதர் எழுதத் தொடங்கிய வயதை அவரும் கடந்திருப்பார்.